பின்பக்கம் சுற்றிய படம்

இன்று பெரகல கடையில் கார்பைட் விளக்கைப் பற்றவைத்தார்கள். அந்த வாடை மூக்கில் ஏறியதும் உன் ஞாபகம். கூடவே பழைய பொறாமையும் வந்துவிட்டது. நீ காய்ச்சலில் போய் இரண்டு வருஷமாகியும் அது போகவில்லை, பார்.

அந்தக் கார்பைட் விளக்கில் ஓடும் படப்பெட்டியைத் தேயிலைத் தோட்டம் தோட்டமாகச் சுமந்தது நாம் இருவரும். கைப்பிடியைச் சுற்றிப் படம் ஓட்டியது நான். நீ செய்ததெல்லாம் திரைக்குப் பக்கத்தில் நின்று, பேசாத படத்துக்கு வாயால் கதை சொன்னதுதான். ஆனால் சனம் உன் கையைத்தான் பிடித்துக்கொண்டது. எனக்கு ஒரு வாய்த் தேத்தண்ணி கொடுக்கக்கூட ஆளில்லை.

அந்த வெள்ளைக்காரி படம் நினைவிருக்கிறதா? புருஷன் வீட்டை விட்டுப் போகிறான். அவள் சன்னலில் விளக்கு வைக்கிறாள். காற்றில் அது அணைகிறது. அவ்வளவுதான், ஐந்து நிமிஷம். நீ சொன்னாய்: "அணையிறது வெளக்கு இல்ல தாயி, அவ மனசு." கொழுந்து பறிக்கும் லயத்துப் பெண்கள் முந்தானையால் முகம் துடைத்தார்கள். எனக்கு வயிறு பற்றியெரிந்தது.

அதனால்தான் பூனாகலைத் தோட்டத்தில், கொழுந்து நிறுக்கும் மடுவத்தில், அந்த வேலையைச் செய்தேன். முந்தின காட்சிக்குப் பிறகு சுருளைத் திருப்பிச் சுற்றாமல் வைத்திருந்து, அன்று கைப்பிடியைப் பின்பக்கமாகச் சுற்றினேன். அணைந்த விளக்கு தானே எரிந்தது. போனவன் முதுகைக் காட்டிக்கொண்டு பின்பக்கமாகவே நடந்து வீட்டுக்கு வந்தான். நீ திணறுவாய், சனம் சிரிக்கும் என்று காத்திருந்தேன்.

நீ ஒரு மூச்சுதான் தாமதித்தாய். "பாருங்க, வெளக்கு எரிஞ்சிருச்சு! போனவன் வர்றான். ஏன் முதுகக் காட்டிட்டு வர்றான்? சொல்லாம போனவனுக்கு மூஞ்சியக் காட்ட வெக்கம்."

புருஷன் ஊருக்குப் போய்த் திரும்பாத ஒருத்தி எழுந்து, "வெக்கப்படாம வரச் சொல்லுங்கய்யா" என்று அழுதாள்.

பெட்டியைக் கட்டும்போது நீ என்னைத் திட்டவில்லை. "இனிமே இப்படியே சுத்து மாப்ள, இதுதான் நல்லாருக்கு" என்றாய். திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்.

இப்போது இரண்டு வேலையும் நானே. போன வாரம் பூனாகலையில் படத்தை நேராகவே ஓட்டி, விளக்கு அணைந்ததைச் சொன்னேன். அதே பெண் எழுந்தாள். "அந்த அய்யா இருந்தா, போனவரத் திரும்பி வர வச்சிருப்பாருங்க."

பாவி, செத்தும் என்னை விடமாட்டாயா! பின்பக்கமாகச் சுற்றினேன். உன் வார்த்தைகளைத்தான் சொன்னேன். எனக்கு வேறு வரவில்லை. விளக்கு எரிந்தது. அவன் வந்துவிட்டான். அவள் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். நான் மட்டும், திரைக்குப் பக்கத்தில் நீ நிற்கும் இடத்தைப் பார்த்தபடி, சுருள் தீர்ந்த பிறகும் சுற்றிக்கொண்டே இருந்தேன்.