கோலத்துக்குப் போன கடைசிப் பக்கம்

ஆலங்குடி,
தை மாதம், ஞாயிறு மதியம்.

அன்பு மகள் ஷர்லிக்கு அம்மா எழுதுவது,

நலம் என்று எழுதித்தான் கடிதத்தைத் தொடங்க வேண்டும் என்று எங்களுக்குப் பள்ளிக்கூடத்திலேயே சொல்லிக் கொடுத்துவிட்டார்கள், அதனால் ஆண்டவர் புண்ணியத்தில் நானும் அப்பாவும் நலம், அங்கே அயர்லாந்துக் குளிரில் நீயும் மாப்பிள்ளையும் நலமாக இருக்க வேண்டும் என்று செபமாலை சொல்லும்போதெல்லாம் கேட்டுக்கொள்கிறேன். போன் இருக்கும்போது எதற்குக் கடிதம் என்று நினைப்பாய். போனில் சொல்ல ஆரம்பித்தால் பாதியில் எனக்குக் குரல் போய்விடும், நீ அங்கிருந்து அம்மா அம்மா என்று பதறுவாய், அப்பா வந்து போனைப் பிடுங்கி சிக்னல் சரியில்லை என்று பொய் சொல்வார். வாய்ஸ் மெசேஜ் போட்டாலோ நீ அதை வேகமாக ஓடவிட்டுக் கேட்கிறாயாம், மாப்பிள்ளையே சொல்லிவிட்டார். கடிதத்தை அப்படி ஓடவிட முடியாது, உட்கார்ந்துதான் படிக்க வேண்டும்.

அப்பாவுக்கு முழங்கால் வலி அப்படியேதான் இருக்கிறது, தைலம் தேய்த்துக்கொண்டு தோப்புக்குப் போய்விடுகிறார். புயலுக்குப் பிறகு வைத்த தென்னை இப்போதுதான் பாளை விட்டது, அதற்குள் வெள்ளை ஈ. மருந்தடிக்கிற அய்யாக்கண்ணு வாரேன் வாரேன் என்று சொல்லியே பொங்கலைத் தாண்டிவிட்டான், அந்தக் கோபத்தை எல்லாம் அப்பா என் குழம்பில் காட்டுகிறார். இதெல்லாம் எழுதுவது எதற்கென்றால் நீ ஒவ்வொரு தடவையும் கேட்டு நான் ஒவ்வொரு தடவையும் பேச்சை மாற்றிய விஷயத்துக்கு வருவதற்குத்தான். ராஜி சித்தியை அவள் மகன் அருண்குமார் ஓசூருக்குத் தன் வீட்டோடு அழைத்துப் போய்விட்டான். வியாழக்கிழமை காலையில் கார் வந்தது. இனி அவள் ஆலங்குடிக்கு வரமாட்டாள், வந்தாலும் வந்தது அவளுக்குத் தெரியப்போவதில்லை.

நீ அனுப்பிய கதையை அவளுக்கு வாசித்துக் காட்டினேனா என்று கேட்டிருந்தாய். வாசித்தேன். அதைச் சொல்வதற்கு முன்னால் பழையதைக் கொஞ்சம் சொல்ல வேண்டும், உனக்குப் பாதிதான் தெரியும். நானும் ராஜலட்சுமியும் புதுக்கோட்டை மகளிர் கல்லூரிக்கு ஒரே பஸ்ஸில் போய்வந்த காலத்தில் எங்களுக்கு இருந்த ஒரே கிறுக்கு தொடர்கதை. வாரப் பத்திரிகை அவள் வீட்டில் வாங்குவார்கள். பஸ்ஸில் எழுத்தைப் பார்த்தால் அவளுக்குக் குமட்டும், அதனால் நான்தான் வாசிக்க வேண்டும், பஸ் இரைச்சலில் காதோடு வாயை வைத்து வாசிப்பேன், அவள் ஜன்னலைப் பார்த்துக்கொண்டு கேட்பாள். வம்பன் பக்கம் வளைவு வந்தால் என் தாவணி முந்தியைப் பிடித்துக்கொள்வாள், கம்பியைப் பிடிக்கமாட்டாள். இரண்டு சிநேகிதிகள், பழைய நினைவு, போய்விட்ட இளமை, இந்த மூன்றும் உள்ள கதை என்றால் எங்களுக்குச் சோறு வேண்டாம். அப்போது எங்களுக்கே வயது பத்தொன்பதுகூட முழுதாக ஆகவில்லை, இளமை போய்விட்டதே என்று அவ்வளவு அழுகை. இப்போது நினைத்தால் சிரிப்பு வருகிறது, சிரித்து முடிப்பதற்குள் வேறொன்றும் வந்துவிடுகிறது.

அப்படி ஒரு கதையில்தான் வசுமதி, எஸ்தர் என்று இரண்டு பேர். ஒரே ஹாஸ்டலில் இருந்தவர்கள், படிப்பு முடிந்து ஆளுக்கொரு திசையாகப் போய், கல்யாணம், வேலை, மாற்றல் என்று கடிதப் போக்குவரத்தும் நின்று, தலை நரைத்த பிறகு எஸ்தருக்கு உடம்பு சரியில்லை என்று கேள்விப்பட்டு வசுமதி ரயிலேறிப் போகிறாள். வாராவாரம் பக்கங்களைக் கத்தரித்து ராஜி அடுக்கி வைத்தாள், முடிந்ததும் பைண்டு பண்ணி ஆளுக்கு ஆறு மாதம் வைத்துக்கொள்வதாகப் பேச்சு. கடைசி வாரம் வந்தது மார்கழியில். நாங்கள் படிப்பதற்குள் ராஜியின் அண்ணி அந்தப் பக்கத்தின் பின்னால் இருந்த புள்ளிக் கோலத்தை வாசலில் போடுவதற்காக வெட்டி எடுத்துவிட்டாள், கோலம் போட்டுப் பார்த்த தாள் ஈரத்தில் ஊறிக் குப்பையோடு போய்விட்டது. வசுமதி படியேறிக் கதவைத் தட்டினாள், உள்ளேயிருந்து, அவ்வளவுதான், அதற்குமேல் கத்தரிக்கோல். நூலகத்துக்கு ஓடிப்போய்ப் பார்த்தால் அங்கிருந்த பிரதியிலும் அதே இடத்தில் அதே ஓட்டை, அங்கே எந்த மகராசி வெட்டினாளோ. அந்தக் கதை புத்தகமாகவும் வரவில்லை. பொறுக்க முடியாமல் ராஜியே ஒரு முடிவு சொன்னாள். உள்ளே யாரும் இல்லை, எஸ்தர் அன்று விடியும்போதே காய்ச்சலில் போய்விட்டாள், பக்கத்து வீட்டுக்காரி வந்து வீட்டுச் சாவியை வசுமதி கையில் கொடுக்கிறாள். அவள் சொல்லச் சொல்ல எனக்கு நிற்கவில்லை, அவளும் அழ, பஸ்ஸே திரும்பிப் பார்த்தது. கண்டக்டர் வந்து யாரும்மா செத்தது என்று கேட்டார். ராஜி கண்ணைத் துடைத்துக்கொண்டு எங்க பிரெண்டுங்க என்று சொல்லிவிட்டாள். அந்த நல்ல மனிதர் முன் சீட்டில் இருந்த இரண்டு ஆம்பளைகளை எழுப்பிவிட்டு, புள்ளைகளுக்கு எடம் விடுங்கய்யா, பிரெண்டு செத்துப்போச்சாம் என்று எங்களை உட்கார வைத்தார். புதுக்கோட்டை வரும்வரை சிரிப்பை அடக்கி வயிறு வலித்தது. பிறகு பல வருஷம் எங்கேயாவது கூட்டமாக இருந்தால் அவள் என் காதில் எடம் விடுங்கய்யா என்று சொல்வாள், நாங்கள் இரண்டு பேரும் வெளியே ஓடிவிடுவோம்.

அவளுக்கு மறதி வந்தது எப்படி என்று உனக்குச் சொல்லியிருக்கிறேன், முதலில் உப்பு இரண்டு தடவை விழுந்தது, அப்புறம் தெரு மறந்தது, திருச்சியில் ஸ்கேன் எடுத்துப் பார்த்துவிட்டு இது குறையாது, கூடத்தான் செய்யும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். உனக்குச் சொல்லாதது ஒன்று உண்டு. ஆடி மாதம் ஒரு நாள் நான் உள்ளே போனபோது வாங்க, உக்காருங்க என்றாள். ஷர்லி, நாற்பது வருஷத்துக்கு மேல் என்னை வாடி போடி என்று பேசிய வாய். எங்கள் கல்யாணத்தில் அப்பாவின் சொந்தக்காரர்கள் முன்னால்கூட ஏண்டி இப்புடி முழிக்கிற என்று மேடையில் ஏறிக் கேட்டவள். என் பெயர் மறந்திருந்தால்கூட எனக்கு இவ்வளவு பட்டிருக்காது, அந்த மரியாதைதான் தாங்க முடியவில்லை. தினமும் போனேன், தினமும் வாங்க. யார் பெற்ற பெண்ணோ, நம்மைப் பார்க்க வருகிறாளே என்று நினைத்திருப்பாள் போல. அவளைப் பார்த்துக்கொள்கிற செவந்தி என்னைக் காட்டி, நம்ம மணியம்மா வந்துருக்காகல்ல என்று எடுத்துக்கொடுத்தால், மணி எங்கிட்டு வரப் போறா, அவதான் காய்ச்சல்ல போயிட்டாளே என்பாள். அவள் சொன்ன கதை முடிவு அவள் தலையிலேயே தங்கி, எஸ்தர் இருந்த இடத்தில் நான் போய்விட்டேன். கதையில் இருந்த ஒரே வேதக்காரப் பெண் எஸ்தர், அவள் வாழ்க்கையில் இருந்தது நான், அந்த இரண்டு பேரும் ஒருத்தியாகிவிட்டோம்.

பழைய பத்திரிகைகளைப் படம் பிடித்து இன்டர்நெட்டில் போடுகிறவர் யாரிடமோ கேட்டு அந்தக் கடைசிப் பக்கத்தை நீ தேடி அனுப்பியபோது எனக்குப் பித்துப் பிடித்தது போல ஆகிவிட்டது. எஸ்தர் சாகவே இல்லை. கதவு தெறந்துதான் இருக்கு, தள்ளு என்று உள்ளேயிருந்து அவள் குரல். இரண்டு கிழவிகளும் காபி குடிக்கிறார்கள், சர்க்கரை போடலாமா கூடாதா என்று பேசுகிறார்கள், வெயில் சாய்கிறது, கதை முடிகிறது. இவ்வளவு சாதாரணமான முடிவுக்கா நாங்கள் பஸ்ஸில் அழுதோம் என்றிருந்தது. எஸ்தர் பிழைத்தால் நானும் பிழைத்துவிடுவேன் என்று நான் நம்பினேன் ஷர்லி. சின்னப் பிள்ளை மாதிரி நம்பினேன். ஜெராக்ஸ் கடையில் பெரிய எழுத்தாகப் போட்டு வாங்கினேன். நாவல வாசிச்சா நோவு தீந்துருமா என்று அப்பா கேட்டார், அவரோடு அன்றைக்கு முழுக்க நான் பேசவில்லை. எனக்கு அவள் குணமாக வேண்டாம், ஓசூருக்குப் போவதற்கு முன்னால் ஒரே ஒரு தடவை வாடி என்று சொன்னால் போதும் என்றிருந்தது.

திங்கட்கிழமை போனேன். செவந்தி தலை பின்னிவிட்டு ஜன்னலோரம் உட்கார வைத்திருந்தாள். வாங்க என்றாள். நான் எதிரே உட்காராமல் பஸ்ஸில் உட்காருவது போலப் பக்கத்தில் ஒட்டி உட்கார்ந்து காதோடு வாசிக்க ஆரம்பித்தேன். ரயில் வந்தது, வசுமதி தெருவைத் தேடினாள், ராஜி ஜன்னலைப் பார்த்துக்கொண்டே கேட்டாள், சிரிக்க வேண்டிய இடத்தில் சிரித்தாள். படியேறுகிற இடம் வந்தபோது அவள் கை தடவிக்கொண்டே வந்து என் சேலை முந்தியைப் பிடித்துக்கொண்டது. எழுத்து கலங்கியது, மாதாவே இதோ வந்துவிட்டாள் என்று நினைத்து மிச்சத்தை மனப்பாடமாகச் சொன்னேன். முடித்ததும் முந்தியை விட்டுவிட்டு என் பக்கம் திரும்பினாள். பிறகு, நல்லா வாசிக்கிறீங்க, மணி வாசிக்கிற மாதிரியே இருக்கு, ஆனா இது யாரோ தப்பா எழுதிப்புட்டாங்க, நான் அங்க போயிருந்தேன், சாவிய எங்கையிலதான் குடுத்தாங்க என்றாள். நான் அழுவதைப் பார்த்துவிட்டு, நீங்க ஏங்க அழுவுறீங்க, ஒங்களுக்கு மணியத் தெரியுமா என்று கேட்டாள். தெரியும், பஸ்ல ஒண்ணாப் போவோம் என்றேன். நல்ல புள்ளைங்க, சின்ன வயசுலயே போயிட்டா என்று சொல்லி என் கையைத் தட்டிக்கொடுத்தாள். நான் செத்ததற்கு எனக்கே ஆறுதல் சொன்னாள்.

அந்தக் கதைகளின் மேல் எனக்கு இப்போது கோபம்தான் வருகிறது. வயது போகும், ஊர் மாறும், முகம் மாறும் என்று எல்லாம் எழுதினார்கள், கடைசியில் இரண்டு பேரையும் உட்கார வைத்துப் பழையதைப் பேசவிட்டார்கள். பேச ஒருத்திதான் மிச்சம் என்றால் என்ன செய்வது என்று ஒருவரும் எழுதவில்லை. கண்டக்டர் எழுப்பிவிட்ட அந்த சீட்டைப் பற்றி இனி நான் யாரிடம் சொல்வது, சொன்னால் ஆமாம் போட ஆள் வேண்டாமா. அப்பாவிடம் சொன்னால் நல்ல மனிதர் கேட்டுக்கொள்வார், ஆனால் அவர் அந்த பஸ்ஸில் இல்லை. நீ படித்துவிட்டு, அம்மா எல்லாம் சரியாகும் என்று மெசேஜ் போடாதே. சரியாகாது. அருண்குமாரைக் குறை சொல்லவும் ஒன்றுமில்லை, அவன் என்ன செய்வான், வேலை அங்கே, பெண்டாட்டி பிள்ளை அங்கே, இத்தனை நாள் செவந்தியை வைத்துப் பார்த்ததே பெரிது.

வியாழக்கிழமை நான் போனபோது சாமான் எல்லாம் ஏற்றியாகிவிட்டது. செவந்தியும் ஓசூர்வரை கூடப் போனாள். பைண்டு பண்ணிய அந்தக் கதையை ராஜி மடியில் வைத்திருந்தாள், திறக்கவில்லை, வைத்திருந்தாள். அருண்குமார் வீட்டைப் பூட்டி, பெரியம்மா இது ஒங்ககிட்டயே இருக்கட்டும், அப்பப்ப தெறந்து காத்தாட விடுங்க என்று சாவியை என் கையில் கொடுத்தான். அவனுக்கு ஒன்றும் தெரியாது பாவம், நான் அந்தச் சாவியைப் பிடித்துக்கொண்டு தெருவில் நின்று அழுதேன். ராஜி கார் ஜன்னலில் இருந்து என்னையே பார்த்தாள். வண்டி நகரப் போகும்போது செவந்தியை இடித்து, நகந்து எடம் விடு புள்ள, அந்தம்மா ஏறிக்கட்டும், அவுங்க பிரெண்டு செத்துப்போச்சாம் என்றாள். செவந்திக்கு என்ன புரியும், நான் வழியனுப்ப வந்தவள்தானே என்று நினைத்து நகராமல் உட்கார்ந்திருந்தாள். கார் போய்விட்டது.

அவ்வளவுதான் செய்தி. தலை ஈரத்தோடு வெளியே போகாதே, நைட் டூட்டி முடிந்து வந்தால் சாப்பிட்டுவிட்டுப் படு. உன்னோடு படித்த ஷீபா மணமேல்குடிக்கு மாற்றலாகி வந்திருக்கிறாள், கோயிலில் பார்த்தேன், நீ பேசி வருஷக்கணக்காகிறதாம். கூப்பிட்டுப் பேசு. பேசினால் எதுவும் நிலைக்கும் என்று நான் சொல்லமாட்டேன், இருக்கும்போது பேசு, அவ்வளவுதான். பழைய கதை எதையும் இனி தேடி அனுப்பாதே. ஆண்டவர் உங்கள் இரண்டு பேரையும் காப்பாற்றட்டும், உன் நெற்றியில் சிலுவை போட்டதாக நினைத்துக்கொள்.

இன்னொன்று, மறந்துவிடாதே. கல்யாணத்துக்குப் பிறகு மாப்பிள்ளை முன்னால் மரியாதையாக இருக்கட்டும் என்று போனில் என்னைச் சாப்ட்டீங்களாம்மா, தூங்குனீங்களாம்மா என்று கேட்கப் பழகியிருக்கிறாய். நான் ஒன்றும் சொன்னதில்லை, பெருமையாகக்கூட இருந்தது. இனி எனக்கு அந்த மரியாதை வேண்டாம். ஞாயிற்றுக்கிழமை கூப்பிடும்போது முன்னே மாதிரி, என்னம்மா பண்ற, சாப்ட்டியா என்று கேள்.

இப்படிக்கு
உன் அம்மா
ஞானமணி