பாண்டியம்மாள் கைதட்டிய படம்

வாடிப்பட்டி,
ஞாயிற்றுக்கிழமை.

அன்புள்ள பவதாரிணிக்கு,

இங்கே அம்மாவும் நானும் நலம். மலையில் குளிர் அதிகம் என்றாய், வேளைக்குச் சாப்பிடுகிறாயா? போனில் நான் வாயைத் திறந்தாலே ஷாட் ரெடி என்று உன்னைக் கூப்பிட்டுவிடுகிறார்கள். அதனால்தான் எழுதுகிறேன்.

இப்போது ஓடும் படத்தின் ஹீரோவோடே இன்னொரு காதல் படத்தில் நடிக்கக் கேட்கிறார்கள், வேண்டாமென்று சொல்லப்போகிறேன் என்றாயே. காரணம் நீ சொல்லவில்லை. எனக்குத் தெரியும். இதுதான் நம் கல்யாணத்துக்குப் பிறகு வந்த உன் முதல் படம். ஊரெல்லாம் உங்கள் ஜோடிப் பொருத்தம்தான் பேச்சு. டீக்கடையில் என்னைக் கண்டால் பேச்சை மாற்றுகிறார்கள். அம்மாவும் போஸ்டர் ஒட்டிய சுவரைப் பார்க்காமல்தான் நடந்துகொண்டிருந்தது.

நேற்று அம்மாவே, "என்னையக் கூட்டிட்டுப் போடா. ஊரே பாத்தாச்சு, மாமியாக்காரி பாண்டியம்மா பாக்கலைன்னா நல்லாவா இருக்கு?" என்றது. மதுரையில் தியேட்டருக்குப் போனோம்.

மழைப் பாட்டில் அவர் உன் நெற்றியைத் துடைத்தபோது நான் பாப்கார்னைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அம்மா திரையை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. ரயிலடியில் நீங்கள் பிரிந்தபோது, "பாவம்டா அந்தப் பையன், இவ ஒரு வார்த்த சொன்னா என்ன?" என்று என்னிடமே கேட்டது. கடைசியில் நீ ஓடிவந்து அவர் கையைப் பிடித்ததும் முதலில் கைதட்டியது அம்மாதான். அடுத்தது நான். நீங்கள் சேர்ந்துவிட வேண்டுமே என்று நானும் அவ்வளவு நேரம் தவித்திருக்கிறேன், பார்.

வெளியே வரும்போது ஒரு பெண், "நெசத்துலயும் இவுக கட்டிக்கிட்டா எம்புட்டு நல்லாருக்கும்" என்றாள். நான் நடையை எட்டிப் போட்டேன். அம்மா நின்று, "அவ எம் மருமக தாயி. இந்தா நிக்கிறானே முத்திருளன், இவன் பொண்டாட்டி. படத்துல வேணா அந்தப் பையனுக்கே கட்டிக் குடுத்துருவோம்" என்றது. சுற்றி நின்றவர்கள் சிரித்து, எங்களோடு செல்ஃபி எடுத்துக்கொண்டார்கள்.

பஸ்ஸில், அடுத்த படமும் அந்தப் பையனோடுதானே என்று அம்மா கேட்டது. ஆமாம் என்று சொல்லிவிட்டேன். என்னைப் பொய்யனாக்கிவிடாதே.

வேறு விசேஷம் இல்லை. வாசலில் முல்லை நிறையப் பூக்கிறது, பறிக்கத்தான் ஆளில்லை. உனக்குக் கண் பட்டுவிடக் கூடாதென்று அம்மா தினமும் விளக்கேற்றுகிறது. இரண்டு நாள் லீவு கிடைத்தாலும் வந்துவிட்டுப் போ. ஆரப்பாளையம் பஸ் ஸ்டாண்டில் எப்போது இறங்கினாலும் பைக்கோடு நிற்பேன். இந்த முறை முகத்தைத் துப்பட்டாவால் மூட வேண்டாம். கூட்டம் கூடினால் கூடட்டும். பின்னால் உட்கார்ந்து என் தோளைப் பிடித்துக்கொண்டு வா.

என்றும் உன்,
முத்திருளன்