சாம்பல் நிற வேன்

வியாழன், ஜூன் 12

வெயில். துணி இரண்டு வாளி. கிரில் கதவைத் திறக்காமல் உள்பக்கக் கம்பியிலேயே காயப்போட்டேன்.

டிவி: 9 முதல் 1 வரை. பிறகு போன். எத்தனை மணி நேரம் என்று அதுவே காட்டும். பார்க்கவில்லை.

பார்த்தவை: சமையல் ஒன்று. நாடகம் (மாமியார் மூன்று நாளாகப் படியிலிருந்து விழுந்துகொண்டே இருக்கிறாள்). பிள்ளை கடத்தும் வீடியோ, எட்டோ ஒன்பதோ. ஒன்று முடிந்தால் அடுத்தது தானாக வருகிறது.

நெஞ்சுப் படபடப்பு, இரண்டு தடவை. இனி நெ.ப. என்று எழுதுகிறேன். நெ.ப. வந்தால் போனை எடுக்கிறேன். போனை எடுத்தால் நெ.ப. வருகிறது.

பாச்சாங்கில் இருக்கும் தையல் கடை அக்கா, நான் தைத்த ரவிக்கையைப் பார்த்துவிட்டு அம்மாவிடம், "கை சுத்தம். திங்கக்கிழமை வரச் சொல்லு" என்றாராம். பதினைந்து வயதில், படிவம் மூன்றில், பள்ளியை விட்டு இரண்டு வருடம். அதன்பிறகு யாரும் என்னை எங்கும் வரச் சொன்னதில்லை. எப்படியாவது போக வேண்டும். ஆனால் பஸ். தனியாக.

அம்மா ஃபேக்டரியிலிருந்து வந்து இன்னும் ஏதோ சொன்னார். காதில் இயர்போன். தலையாட்டினேன்.

சனி, 14

மேகம். அம்மாவுக்கு ஓவர்டைம்.

பத்தரைக்கு வாசலில் ஒரு சாம்பல் நிற வேன். இரண்டு ஹார்ன். டிவி சத்தத்தைக் குறைத்துவிட்டுத் திரைக்குப் பின்னால் நின்றேன். தொப்பி போட்ட தமிழர், வயதானவர். எதிர்வீட்டு மலாய்க்காரப் பெரியம்மா மக்சிக்கிடம் கேட்டார்.

"ரூமா இனி கா? நாக் அம்பில் பூடாக் பெரெம்புவான்."

இந்த வீடா, பெண் பிள்ளையை எடுக்கணும்.

மக்சிக் சிரித்தார். "ஆடா. டியா மாலு."

இருக்கிறாள், வெட்கப்படுவாள். காட்டிக்கொடுத்துவிட்டார்!

நெ.ப. படம் எடுத்தேன். நம்பர் பிளேட் தெளிவு, அவர் முகம் கொஞ்சம் கலங்கல். எங்கள் தாமான் (குடியிருப்பு) தமிழர் வாட்ஸ்அப் குரூப்பில் போட்டேன். "பிள்ளை கடத்த வந்த வேன். எங்கள் வாசலில்." அந்தக் குரூப்பில் நான் எழுதிய முதல் வரி.

"நல்ல வேள சொன்னியேம்மா."

"கதவ தொறக்காத லா!"

"இந்த மூஞ்சிய நானும் பசார்ல பாத்தேன்."

சந்தோஷமாக இருந்தது. எழுத வெட்கம். ஆனால் இருந்தது.

ஞாயிறு, 15

மழை. அம்மாவுக்கு லீவு. போனைப் பார்த்தவர் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

"தேவி, இது பொன்னையா அங்கிள்டி. தையல் கட வேன். உன்ன ஏத்துறதுக்கு வீடு பாக்க வந்திருக்காரு. வியாழக்கெழமயே சொன்னேன், பஸ் வேணாம், வேன் வரும்னு. தலையாட்டுனியே!"

"அம்பில் பூடாக்னு சொன்னாரும்மா."

"ஸ்கூல்ல புள்ளய ஏத்தப் போறவங்க எல்லாம் என்ன லா சொல்றாங்க? உன்ன எத்தன வருஷம் நான் அம்பில் பண்ணேன்?"

ஆமாம். அம்பில் என்றால் வந்து கூட்டிப்போவதும்தான். தினமும் கேட்ட வார்த்தை. சனிக்கிழமை மட்டும் வேறு மாதிரி கேட்டது.

படம் பெம்பான் ஊர் வரைக்கும் போயிருக்கிறது. அங்கே காய் வாங்கப் போன அங்கிளைச் சுற்றி வளைத்து வேன் சாவியைப் பிடுங்கியிருக்கிறார்கள். கடை அக்கா போய்ச் சொல்லும்வரை ஒரு மணி நேரம் ரோட்டோரம் உட்கார வைத்திருந்தார்களாம்.

என் பதிவை அழித்தேன். குரூப்பில் உடனே:

"அழிச்சிட்டாளே. மெரட்டிட்டான் போல."

"தவறு. அது வேலைக்கு ஏற்றிப்போகும் வேன்" என்று எழுதினேன்.

"யாரோ அவ போன்ல டைப் பண்றாங்க. புள்ள பத்திரமா?"

அம்மா எழுதினார். அவருடைய போனும் கடத்தல்காரர்கள் கையில்தான் என்கிறார்கள்.

அம்மா சோறு போட்டார். அங்கிள் சாப்பிட்டிருப்பாரா?

திங்கள், 16

மழை விட்டது. ஆறரைக்கே குளித்து, புதுச் சுடிதார். கத்தரிக்கோல், இஞ்ச் டேப் பையில். ஏழரை வரை கிரில்லுக்கு உள்ளே நின்றேன். வேன் இல்லை.

கடை அக்காவின் போன், அம்மாவுக்கு. ஸ்பீக்கரில் நானும் கேட்டேன். "அங்கிள் வரமாட்டேங்கிறாரு கா. படம் இன்னும் சுத்துதாம். பொம்பள புள்ளைங்கள ஏத்தவே பயமா இருக்குன்னு ரூம்ல படுத்துட்டாரு. மத்த புள்ளைங்களும் வரல."

அம்மா எதுவும் திட்டவில்லை. வேலைக்குக் கிளம்பும்போது மட்டும், "வாயத் தொறந்து சொல்லு. கொரல கேட்டாத்தான் நம்புவாங்க."

டிவியை அணைத்தேன். ஐஸ்பெட்டி இவ்வளவு சத்தம் போடும் என்று தெரியாது.

வாய்ஸ் மெசேஜ். ஏழு தடவை பேசி ஏழையும் அழித்தேன். எட்டாவது: "நான் தேவி. என்ன யாரும் தூக்க வரல. அங்கிள் வேலைக்கு ஏத்த வந்தாரு. நான்தான் தப்பா படம் போட்டேன்."

அனுப்பினேன். எல்லாரும் கேட்டுவிட்டார்கள். பிறகு ஒருவர்:

"இது அந்தப் புள்ள கொரல்தானா? யாருக்காச்சும் தெரியுமா?"

யாருக்கும் தெரியவில்லை.

அப்படியானால் நேரில்தான். வீடு வீடாக. முதலில் மக்சிக். என்னைத் தெரிந்தவர், அவர் கூட வந்தால் நம்புவார்கள்.

கிரில் சாவி ஆணியில் தொங்குகிறது. நெ.ப. சாவியை எடுத்துவிட்டேன்.