முகவரி எழுதிய கார்டு

7.3.1991

அன்புள்ள பெஞ்சு அக்காவுக்கு,

நான் நலம். பாப்பாவுக்குத்தான் காய்ச்சல் விடவில்லை, அவளை விட்டு நகர முடியவில்லை. ஏழு மாதமாக அந்தக் கரண்ட் ஆபீஸ் வராந்தா பெஞ்சில் உங்களோடு பங்கு போட்டுச் சாப்பிட்டுவிட்டு, இங்கே தனியாகச் சோறு இறங்க மாட்டேன் என்கிறது. 'நாளைக்கு வா' குமாஸ்தா சௌக்கியமா? நாம் செத்துக் கிடந்தாலும் அவர் "நாளைக்கு வாம்மா" என்றுதான் சொல்வார்.

அக்கா, ஓர் உதவி. கம்பத்திலிருந்து விழுந்த என் வீட்டுக்காரருக்கும், மீட்டர் பார்க்கப் போன இடத்தில் நெஞ்சடைத்துப் போன உங்கள் அப்பாவுக்கும் சேர்த்து அந்த ஆபீஸ் தரப்போவது ஒரே ஒரு வாரிசு வேலை. வரிசையில் முதலில் நான், அடுத்து நீங்கள். யாருக்குக் கிடைத்தாலும் ஒரே வீட்டுக்குக் கிடைத்த மாதிரிதான். சான்றிதழ் சரிபார்க்கும் தேதியைப் போர்டில் ஒட்டியதும் எனக்குச் சொல்லுங்கள். என் முகவரி எழுதிய கார்டு ஒன்றை இத்துடன் வைத்திருக்கிறேன். தேதியை மட்டும் எழுதிப் போட்டால் போதும்.

இப்படிக்கு,
உங்கள் பாதிச் சோற்றுத் தங்கச்சி

29.3.1991

அன்புத் தங்கச்சிக்கு,

திடுதிப்பென்று தேதி வைத்துவிட்டார்கள். உனக்குச் சொல்லியனுப்ப ஆள் தேடினேன், அமையவில்லை. நீ வராததால் அடுத்த பெயரைக் கூப்பிட்டார்கள். வேலை எனக்குக் கிடைத்துவிட்டது. அம்மாவையும் இரண்டு தங்கைகளையும் வைத்துக்கொண்டு நான் பட்ட பாடு உனக்குத் தெரியும். கோபித்துக்கொள்ளாதே. பாப்பா எப்படி இருக்கிறாள்?

உன் அக்கா

6.4.1991

அன்புள்ள அக்காவுக்கு,

முதலில் ஒரு மூச்சு அழுதேன், பொய் சொல்வானேன். அப்புறம் சந்தோஷப்பட்டேன். நான் வைத்த கார்டு உறையிலிருந்து விழுந்துவிட்டது போலிருக்கிறது. என் அவசர புத்தி.

பாப்பா தேறிவிட்டாள். நான் ஒரு துணிக்கடைக்குப் போகிறேன். மற்றவர்கள் பிரித்துப் போட்டதை மடித்து வைக்கிற வேலை. அடுத்த இடம் வந்தால் இந்தத் தங்கச்சியை மறந்துவிடாதீர்கள்.

உங்கள் தங்கச்சி

9.11.1993

அன்புத் தங்கச்சிக்கு,

கார்டு உறையிலிருந்து விழவில்லை. என்னிடம்தான் இருக்கிறது. தேதி ஒட்டியபின் ஆறு நாள் அவகாசம் இருந்தது. தினமும் கார்டை எடுத்தேன், பேனாவைத் திறந்தேன், மூடினேன். ஆள் தேடினேன் என்றது பச்சைப் பொய்.

இங்கே வாரிசு வேலையில் வந்தவர்களுக்குக் 'கருணை' என்று பட்டப்பெயர். கருணை அடிப்படையில் கொடுத்த வேலையாம். "கருணை, டீ வந்தாச்சு" என்று யாராவது கூப்பிடும்போதெல்லாம் எனக்கு உன் ஞாபகம்தான் வருகிறது.

போன வாரம் என்னை அந்த 'நாளைக்கு வா' குமாஸ்தா இருந்த பிரிவுக்கே மாற்றினார்கள். நம் பெஞ்சு என் மேசைக்கு நேர் எதிரே. முதல் நாளே ஒரு பெண் வந்து நின்றாள். "நாளைக்கு வாம்மா" என்று என் வாயிலேயே வந்தது.

உன் கோப்பு என்னிடம் இருக்கிறது. 'சரிபார்ப்புக்கு வரவில்லை' என்று சிவப்பு மையில் எழுதியிருக்கிறது. மாதக் கடைசியில் அதை முடித்துவைக்கக் குறிப்பு எழுத வேண்டியவள் நான்தான். அதற்குள் காரணம் சொல்லி ஒரு மனு போடு, மேலே அனுப்புகிறேன். இரண்டு இடம் காலியாக இருக்கிறது.

இந்தக் கடிதத்தை நீ மேலே காட்டினால் என் வேலை போனாலும் போகும். காட்டாதே என்று கேட்க நாக்குக் கூசுகிறது. ஆனாலும் கேட்கிறேன். உன் முகத்தில் விழிக்க எனக்கு யோக்கியதை இல்லை.

இப்படிக்கு,
அக்கா என்று போடக் கை வராதவள்

16.11.1993

அனுப்புநர்: மறைந்த லைன்மேனின் மனைவி
பெறுநர்: பிரிவு எழுத்தர் அவர்கள்

அம்மையீர்,

பொருள்: வாரிசு வேலை – சரிபார்ப்புக்கு வராதது – விளக்கம்.
பார்வை: தங்கள் கடிதம், நாள் 9.11.1993.

அச்சமயம் என் மகளுக்குக் காய்ச்சல். போர்டை வந்து பார்க்காதது என் தவறு. எனக்குச் சொல்ல வேண்டிய கடமை யாருக்கும் இல்லை. மறுவாய்ப்பு அளிக்குமாறு பணிவுடன் வேண்டுகிறேன்.

இணைப்பு: பார்வையில் கண்ட கடிதம், அசல். நகல் எடுக்கவில்லை.

குறிப்பு: தேதியைத் தெரிவிக்கக் கார்டு வைக்கவில்லை. தங்களிடம் ஒன்று இருக்கிறது.

இப்படிக்கு,
மனுதாரர்