எங்கள் வீட்டுக்கு மட்டும்

அன்புள்ள மகளுக்கு,

நீயும் மாப்பிள்ளையும் சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். இங்கே முழங்கால் வலியைத் தவிரப் புது நோய் எதுவும் இல்லை.

ரேஷன் கடை வழக்கில் தீர்ப்பு வந்துவிட்டது. கைரேகை பதியாதவர்களுக்கு அரிசி இல்லை என்ற உத்தரவு அரசின் கொள்கை முடிவாம். அதில் கோர்ட் தலையிடாதாம். வக்கீல் வைக்காமல் நானே வாதாடியதால் நீதிபதி இரக்கப்பட்டார். "பெரியவரே, உங்க வீட்டுக்கு மட்டும் கையெழுத்து வாங்கிட்டுக் குடுக்கச் சொல்லியிருக்கேன், போயிட்டு வாங்க" என்றார். எல்லோருக்காகவும் கேட்டேன் என்று சொல்ல வாயெடுப்பதற்குள் அடுத்த வழக்கைக் கூப்பிட்டுவிட்டார்கள்.

பாட்டில் கழுவும் கம்பெனியில் சோடாக் காரத் தண்ணீர் உன் அம்மாவின் விரல் ரேகையைத் தின்றுவிட்டது உனக்குத் தெரியும். படுக்கையில் கிடப்பவர்களுக்குக் கடைக்காரர் தன் ரேகையை வைத்துப் பொருள் தரலாம் என்று விதி இருக்கிறது. அந்தக் கணக்கில்தான் அவர் உன் அம்மாவுக்கும் சிமெண்டில் ரேகை தேய்ந்த எதிர்வீட்டுக் கொத்தனாருக்கும் இத்தனை நாள் அரிசி போட்டார். "வாங்கக்கா, இன்னைக்காவது எழுந்து உட்கார்ந்தீங்களா?" என்று கேலி வேறு செய்வாராம். எனக்கு அது பிடிக்கவில்லை. நடமாடுகிறவள் ஏன் படுத்த படுக்கை என்று பொய் சொல்லி வாங்க வேண்டும்? உரிமையோடு வாங்கட்டும் என்றுதான் வழக்குப் போட்டேன். பொய் சொல்லாமல் இந்த உத்தரவை நடத்தவே முடியாது என்று காட்ட, கடைக்காரர் செய்ததை மனுவில் எழுதினேன். அரசு வக்கீல் அந்தப் பத்தியை மட்டும் உரக்க வாசித்தார். மறுவாரமே கடைக்காரரை வேலையிலிருந்து நிறுத்திவிட்டார்கள். கொத்தனார் வீட்டுக்கும் அரிசி நின்றது. என்னைக் கண்டால் கொத்தனார் கதவைச் சாத்திக்கொள்கிறார்.

தீர்ப்புக்குப் பிறகு நான் வாங்கி வந்த அரிசி மூட்டை பிரிக்காமல் கிடக்கிறது. "அந்தத் தம்பி பொழப்பத் தின்னு நான் பொழைக்கணுமா?" என்று உன் அம்மா ஒருமுறை கேட்டாள். அதோடு பேச்சில்லை. வெளிக்கடையில் விலை கொடுத்து வாங்கிச் சமைக்கிறாள். எனக்கும் ஒரு தட்டு வைத்துவிட்டுப் போகிறாள்.

சத்தியம் செய்து கொடுக்கும் மனுவில் உண்மையை எழுதாமல் வேறென்ன எழுதுவது? என் மேல் தவறில்லை. மேல்முறையீடு செய்யத்தான் போகிறேன். கண்தான் ஒத்துழைக்கவில்லை.

கடைக்காரர் வீடு இரண்டு தெரு தள்ளி. இந்தக் காலோடு என்னால் அவ்வளவு தூரம் நடக்க முடியவில்லை. நீ ஒருநாள் அவருக்குப் போன் செய்து, அப்பா விசாரித்தார் என்று சொல். அவர் என்ன சொன்னார் என்று எனக்கு எழுத வேண்டாம். அம்மாவிடம் மட்டும் சொல்லிவிடு.

உங்கள் இருவருக்கும் ஒரு குறையும் வராமல் இருக்கட்டும்.

அப்பா