அண்ணையின் டப்பில் கிடந்த விளையாட்டுகள்

வெள்ளிக்கிழமை, இரவு.

பின்னேரம் மகளின் நடனப் பரீட்சைக்கு அனுப்ப வீடியோ எடுத்துக்கொண்டிருந்தபோது டப் பாதியில் நின்றுவிட்டது. இடமில்லையாம். நாளைக்கு அனுப்பியே ஆக வேண்டும். இடம் எப்படி இருக்கும்? அண்ணை கனடாவிலிருந்து இந்தக் கைக்கணினியை அனுப்பியபோது அதில் கிடந்த விளையாட்டுகளில் ஒன்றைக்கூட நாங்கள் இதுவரை அழிக்கவில்லை. ஒருவரும் விளையாடுவதுமில்லை.

"உம்மடை கொண்ணர் ஆசையாப் போட்டு விட்டது. கை வைக்காதையும்," என்றார் என் கணவர், வழக்கம்போல.

வைத்தேன். நன்றாகவே வைத்தேன். கார்ப்பந்தயம், மிட்டாய் உடைப்பது, பண்ணை நடத்துவது, எல்லாம் போயின. மகள் மறுபடி ஆடினாள். முழுவதும் பதிவானது.

விளக்கு வைத்த கையோடு அண்ணை அழைப்பு எடுத்தார். இவர் என்னைப் பார்த்தார். நான் மறைக்கவில்லை.

"விளையாட்டெல்லாத்தையும் அழிச்சுப்போட்டன், அண்ணை."

"அதுகள் நான் போட்டதில்லைப் பிள்ளை, வாங்கேக்கையே கிடந்தது. என்ரை டப்பும் உப்பிடித்தான் நிரம்பிக் கிடக்கு. நீ எப்பிடி அழிச்சனி?"

உரும்பிராயிலிருந்து கனடாவுக்கு நான் பாடம் நடத்தினேன். இவர் எழும்பிக் குசினிக்குள் போனார். பாடம் முடிய, நான் கேட்காமலே எனக்குத் தேத்தண்ணி வந்தது.