வின்சன்ட் அண்ணைக்கு வைத்த பூசை

ரொக்ஸ்பரோ, மொன்றியல்
14.09.2007

அன்புள்ள அண்ணிக்கு,

சுகமாக இருக்கிறீர்களா? அண்ணையைப் பற்றி ஏதும் தகவல் வந்ததா? ஒவ்வொரு கடிதத்திலும் இதையே கேட்கிறேன், கோபிக்காதீர்கள்.

எங்கள் கம்பனியில் இப்போது ஒரு கார்ட்டூன் படம் செய்கிறோம். முன்னூறு வருடத்துக்கு முந்திய சீக்கிய வீரன் ஒருவனின் கதை. சாதாரணக் குடியானவன் படை திரட்டிக் கோட்டைகளைப் பிடித்து, கடைசியில் மொகலாயரிடம் அகப்படுகிறான். அவன் முகத்தை வரைவது என் பொறுப்பு. பத்து முகம் வரைந்தும் ஒன்றும் எடுபடவில்லை. பிறகு வின்சன்ட் அண்ணையை வரைந்து தலைப்பாகையும் தாடியும் வைத்தேன். உடனே சரி என்றார்கள். ஒரு பிரதி இதனுடன் வைத்திருக்கிறேன்.

அன்புத் தம்பி,
றொசான்

மன்னார்
05.10.2007

அன்புத் தம்பி றொசானுக்கு,

படம் கிடைத்தது. உம்முடைய அண்ணைக்குத் தாடி கொஞ்சமும் பொருந்தவில்லை. இரண்டு நாள் சவரம் செய்யாவிட்டாலே முகம் கடிக்கிறது என்று என்னைப் பாடாய்ப்படுத்தும் மனிதர். சிரித்துவிட்டுப் பிறகு அழுதேன். வவுனியாவில் அவரை வாகனத்தில் ஏற்றிக்கொண்டு போய்ப் பதினாறு மாதம். இன்னமும் இராணுவ முகாம் முகாமாகப் போய்க் கேட்கிறேன். அவருடைய சுகத்துக்கு மாதா மாதம் பூசை கொடுக்கிறேன்.

ஒன்று சொல்லும். பிடித்தவர்கள் அந்த வீரனைக் கடைசியில் விட்டுவிடுவார்களா?

அண்ணி,
பிரியந்தி

ரொக்ஸ்பரோ
04.11.2007

அன்புள்ள அண்ணிக்கு,

விடமாட்டார்கள். மதம் மாறினால் உயிர் தருவோம் என்கிறார்கள், அவன் மறுக்கிறான். அந்தக் கொலையை வரைய மூன்று கிழமை பிடித்தது. சரிவரவில்லை என்று திருப்பித் தந்துகொண்டே இருந்தார்கள். அண்ணையை என் கையாலேயே எத்தனை தரம் கொன்றேன் என்று தெரியாது.

முந்தாநாள் மரித்த ஆத்துமாக்களின் திருநாள். கோயிலில் இறந்தவர்களின் பெயர் எழுதத் தாள் வைத்திருந்தார்கள். அப்பாவின் பெயருக்குக் கீழே அண்ணையின் பெயரையும் எழுதிவிட்டேன். சுவாமி அதைப் பூசையில் வாசித்தார். உங்களிடம் மறைக்க மனம் வரவில்லை. எனக்கு இனி நம்பிக்கை இல்லை, அண்ணி.

றொசான்

மன்னார்
27.11.2007

றொசான்,

உம்முடைய கடிதத்துக்கு முந்தியே செய்தி வந்துவிட்டது. பூசையில் கேட்டவர்கள் அங்கிருந்து இங்கே போன் எடுத்திருக்கிறார்கள். பக்கத்து வீட்டு யோசெப்பின் மாமி கறுப்புச் சேலையோடு வந்து வாசலிலேயே குழறி அழத் தொடங்கினா. பின்னால் பத்துப் பன்னிரண்டு பேர். "உடம்பாவது கிடைச்சதோ பிள்ளை?" என்று கேட்டா. அவர் இருக்கிறார் என்று சொல்லிப் பார்த்தேன். தம்பியே பூசை வைத்த பிறகு என்னை யார் நம்புவார்கள்? எல்லோருக்கும் தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்தேன்.

படத்தில் நீர் செய்தது உம்முடைய வேலை. அதில் கோபமில்லை. கோயிலில் எழுதியதையும் பொறுத்திருப்பேன். ஆனால் மாமி என்னைக் கட்டிப்பிடித்து ஒப்பாரி வைத்தபோது நானும் சேர்ந்து வைத்துவிட்டேன். உயிரோடு இருக்கிறவரைப் பெயர் சொல்லி அழுதுவிட்டேன். அதைத்தான் உமக்கு மன்னிக்க முடியவில்லை.

இனி எனக்கு எழுதவேண்டாம்.

வின்சன்டின் மனைவி,
பிரியந்தி